கல்லக்கா சிரிக்க வேண்டிய நேரம்

பிணம் வைக்கிற குளிர்பெட்டியின் மூடி வந்து ரப்பர் விளிம்பில் உட்கார்ந்ததும் வெளிச்சத்தம் எல்லாம் குடத்துக்குள் பேசுகிற பேச்சாகிவிட்டது. ஆனாலும் கண்ணாடிக்கு மேலே குனிந்து பூபாலன் சொன்னது மட்டும் மாரிக்கனிக்கு அட்சரம் பிசகாமல் கேட்டது. "யக்கா, கட் சொன்னதும் கேமராவப் பாத்து ஒரு சிரிப்பு சிரிச்சிட்டுத்தான் எந்திரிக்கணும். மறந்துராதீங்க, என்னா." இத்தோடு எத்தனை தரம்? வேனை விட்டு இறங்கும்போது சொன்னான். மூக்கில் பஞ்சு வைக்கும்போது சொன்னான். நேற்று போனில், பிள்ளைக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருக்கிறேன் தம்பி, பிறகு பேசு என்றவளிடமும் அவசர அவசரமாக இதைத்தான் சொன்னான். வசனத்தையே ஒரு தடவைக்கு மேல் சொல்லாத பயல், 'உங்களுக்குத் தெரியாததாக்கா' என்று தாளை மடித்துப் பைக்குள் சொருகுகிற பயல், இதை மட்டும் ஏன் இந்தப் பாடு சொல்கிறான்? சம்பிரதாயம் அவளுக்குத் தெரியாததில்லை. செத்தவராக நடிக்கிறவர் யாரானாலும், எடுத்து முடித்ததும் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் எழுந்திருக்க வேண்டும். நான் சாகவில்லை, இது சும்மா விளையாட்டுக்கு என்று சாமிக்கும் எமனுக்கும் சேர்த்துத் தாக்கல் சொல்லிவிடுகிற மாதிரி. பெரிய சினிமாவிலிருந்து போனில் ஓடுகிற சின்னப் படம் வரைக்கும் இதைத் தட்டுகிறவர் கிடையாது. சரி. மற்றவர்கள் சிரிப்பார்கள், எழுந்து டீ குடிக்கப் போவார்கள். கல்லக்கா சிரிக்கலாமா? ஊர் உலகமெல்லாம் அவளைக் கல்லக்கா என்று கூப்பிடுவதே, கேமரா முன்னால் ஒரு நாளும் ஒரு பல் தெரியச் சிரித்ததில்லை என்பதற்காகத்தானே. பேரை வைத்தது பார்க்கிற ஜனம். அந்தப் பேரை வைத்துக் கஞ்சி குடிப்பது பூபாலனும் அவளும். அப்படியிருக்க, ஒரு படம் எழுதுகிறான். அதில் அவளைச் சாகடிக்கிறான். சாகடித்தால் சிரித்தே ஆகவேண்டும். சிரிக்கிற நேரம் கேமரா எதிரே இருந்தே ஆகவேண்டும். நூல் பிடித்த மாதிரி வரிசையாக வந்து நிற்கிறதே எல்லாம். இவன் எழுதியது சாவையா, சிரிப்பையா?

"ஓடுது! ஆக்‌ஷன்!" கண் மூடியிருந்தாலும் விளக்கைப் போட்டுவிட்டார்கள் என்று தெரிந்தது, இமைக்குள்ளே தக்காளிச் சிவப்பு. கதை என்னவோ நல்ல கதைதான், அதைக் குறை சொல்ல முடியாது. உயிரோடு இருக்கும்போதே முகத்தில் ஒரு அசைவும் இல்லாத மருமகள் செத்துப்போகிறாள். அவள் செத்தது யாருக்கும் தெரியவில்லை. எப்போதும்போல உம்மென்று உட்கார்ந்திருக்கிறாள் என்று மாமியார் கீரை ஆயச் சொல்லி மடியில் போட்டுவிட்டுப் போகிறாள், பக்கத்து வீட்டுக்காரி வந்து தன் புருஷனைப் பற்றி ஆதியோடந்தமாகக் குறை சொல்லி அழுது, 'நீயாவது குறுக்கப் பேசாமக் கேட்டியே' என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு போகிறாள், கடைசியில் மூக்கில் உட்கார்ந்த ஈயை விரட்டாததைப் பார்த்துத்தான் வீட்டுக்குச் சந்தேகமே வருகிறது. குளிர்பெட்டிக்குள் வைத்த பிறகும் பாதிப்பேருக்கு நம்பிக்கை இல்லை. மாமியாராக வருகிற தங்கபுஷ்பம் கால்மாட்டில் உட்கார்ந்து மாரில் அடித்துக்கொண்டு ராகம் இழுத்தாள்: "கல்யாணப் போட்டோவுல கல்லாட்டம் நின்னவளே, கலகலன்னு ஒருநாளும் வாய்தொறந்து சிரிக்கலியே, காலம்பூரா மொறச்சவளே, கண்ணமூடிப் போனியே, கண்ணுமூடிப் போனபெறவும் என்னயவா மொறைக்கணும்..." மாரிக்கனிக்குத் தொப்புளுக்கு மேலே ஒரு எறும்பு ஊர்ந்தது. சிரிப்பு எப்போதும் அங்கேதான் முளைக்கும். அங்கிருந்து விலாவுக்கு ஏறி, தொண்டைக்கு வந்து, மூக்குக்குள் குத்தி, உதட்டோரத்துக்கு வரும். உதட்டுக்கு வந்தபிறகு அடக்குகிறவள் மக்கு. விலாவிலேயே மறிக்கவேண்டும். மறிப்பதற்கு அவளிடம் ஒரு வழி இருக்கிறது, ஒருவரிடமும் சொன்னதில்லை. மனசுக்குள் ஒரு பட்டுச்சேலையை விரித்துப் போட்டுவிடுவாள். பார்டரோடு பார்டர் சேர்த்து, முந்தியை மேலே வரும்படி புரட்டி, உள்ளங்கையால் ஒரு நீவு நீவி, மடித்து, மறுபடி நீவி, அட்டைக்குள் சொருகி, அடுத்த சேலை. பழைய சேலையை மடிக்கிற அலுப்புக்கு முன்னால் எந்தச் சிரிப்பும் நிற்காது.

அந்த அலுப்புத்தான் அவளை நடிகையாக்கியது. தென்காசியில் ஜவுளிக்கடையில் பட்டுப் பிரிவில் நின்ற காலம். உட்காரக்கூடாது, சுவரில் சாயக்கூடாது, பல்லைக் காட்டக்கூடாது. 'வந்தவங்க தன்னையத்தான் கேலி பண்ணிச் சிரிக்கான்னு நெனச்சிருவாங்க' என்பார் மாடி மேனேஜர். மலைபோலக் குவித்துப் போட்ட சேலைக்கு முன்னால் உட்கார்ந்து, எல்லாவற்றையும் தொட்டுத் தடவி, கன்னத்தில் வைத்துப் பார்த்து, கடைசியில் 'நாங்க காட்டன்தான் பாக்க வந்தோம்' என்று எழுந்து போவார்கள். முகம் அசையக்கூடாது. தலைக்கு மேலே மூலைக்கு மூலை கேமரா. எது ஓடுகிறது, எது சும்மா தொங்குகிறது என்று கடைப்பிள்ளைகள் எல்லோருக்கும் ஒரு கணக்கு இருந்தது; மாரிக்கனி எல்லாமே ஓடுகிறது என்று வைத்துக்கொண்டு நின்றாள், அதனால் அவள் பேரில் ஒரு பிராது வந்ததில்லை. அந்தக் கடையில்தான் பூபாலன் தன் முதல் சின்னப் படத்தை எடுக்க வந்தான். கல்யாணச் சேலை எடுக்க வந்த இரண்டு சம்பந்தி வீட்டார் சண்டை போடுகிற படம். சண்டை போட்டவர்களை ஒருவரும் பார்க்கவில்லை. அவர்களுக்குப் பின்னால், ஒருத்தி தலைமுடியை ஒருத்தி பிடித்து உருளும்போதும், காலுக்கடியில் சிக்கிய சேலையை உருவி உருவி மடித்துக்கொண்டிருந்தாளே, அவளைத்தான் பார்த்தார்கள். 'அந்தப் பொறத்தால நிக்கிற அக்கா யாருப்பா?' என்று போனில் படத்துக்குக் கீழே எழுதிக் குவித்துவிட்டார்கள். அடுத்த மாதம் பூபாலன் வீடு தேடி வந்தான். பிறகு என்ன, ஒரு படத்தில் புருஷன் வேறொருத்தியோடு ஓடிப்போன சேதி வந்ததும் 'அப்ப ராத்திரிக்கு அரிசி கொறச்சுப் போடணும்' என்றாள். ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. இன்னொன்றில் திருடன் பீரோவைத் திறக்கத் திணறும்போது 'கைப்பிடிய லேசா மேல தூக்கணும்' என்றாள். புளியங்குடிக்காரி இவள் முகத்தைப் போனில் ஓடவிட்டுக்கொண்டு துபாயில் ஆட்கள் சாப்பிடுகிறார்களாம். எல்லாம் நல்லதுதான். ஆனால் அதற்கப்புறம் தெருவில் அவள் முகம் அவளுடையதாக இல்லை. ரேஷன் கடை வரிசையில் ஒருவன் முன்னால் வந்து நின்று குரங்குச் சேட்டை பண்ணுவான், பின்னால் அவன் கூட்டாளி போனைத் தூக்கிப் பிடித்திருப்பான். சாமி கும்பிடும்போது காதுக்குள் ஜோக் சொன்னவன் உண்டு. ஒரு நிஜமான சாவு வீட்டுக்குப் போய், செத்தவளின் மகளைக் கட்டிக்கொண்டு இவள் உண்மையாகவே அழமுடியாமல் நின்றபோது, அந்த மகள் இவள் முகத்தைப் பார்த்துக் களுக்கென்று சிரித்துவிட்டாள். அதிலிருந்து கேதத்துக்குப் போவதையே விட்டுவிட்டாள். வாய்விட்டுச் சிரிப்பதெல்லாம் வீட்டுக்குள், கதவைச் சாத்திவிட்டு, ஜன்னல் திரையை இழுத்துவிட்டு, மகள் இசக்கியோடு மட்டும்தான். அதுவும் தலையணையை வாயில் கவ்விக்கொண்டு.

"கண்ணுமூடிப் போனபெறவும்..." என்று இரண்டாம் முறை இழுத்த தங்கபுஷ்பத்துக்குப் பாதியில் புரையேறிச் சிரிப்பு பீறிட்டுவிட்டது. "கட்! கட்! அத்தே, என்னத்தே நீங்க!" "நான் என்னல செய்வேன், இவ மூஞ்சியப் பாத்தா எனக்கு வருது. நாடிக்கட்டு வேற கட்டி, பல்லுவலிக்காரி கணக்கா கெடக்கா." எல்லோரும் சிரித்தார்கள். மாரிக்கனி அசையவில்லை. இது நிஜக் கட் இல்லை, நடுக் கட். இதற்குச் சிரிக்கவேண்டிய கட்டாயம் இல்லை. மூச்சு முட்டக்கூடாது என்று மூடியைக் கொஞ்சம் தூக்கி ஒரு தேங்காய்மூடியை முட்டுக் கொடுத்தார்கள். அந்த இடைவெளி வழியாக ஊதுபத்தி வாடையும் பேச்சும் சேர்ந்து வந்தன. கேமராக்காரன் ஜெரால்டு குரல்: "அண்ணே, சின்னது ஓடுதா?" பூபாலன் குரல், தாழ்த்தி: "அது அப்பவே புடிச்சி ஓடுது. நீ பெருச மட்டும் பாரு. கடேசில கிட்டப் போயிரு. வாயும் கண்ணும் வேணும்." மாரிக்கனிக்குக் கால் பெருவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டியிருந்த துணி திடீரென்று இறுக்கியது. சின்னது என்றால் என்ன? என்றைக்கும் ஒரு கேமராதானே. காலையில் தலைமாட்டில், நிறைநாழி விளக்குக்குப் பக்கத்தில், தீப்பெட்டி அளவில் ஒன்றைப் பார்த்தாளே, அதுவா? சரி, புதுசு வாங்கியிருப்பான், பிள்ளைகளுக்கு விளையாட்டுச் சாமான் மாதிரி இவன்களுக்குக் கேமரா. சாவு வீட்டைத் தலைமாட்டிலிருந்து எடுத்தால் அழகாக இருக்கும் என்று தோன்றியிருக்கும். அதுகூடச் சரி. கண் வேணும் என்றானே, அது என்ன? பிணத்துக்கு ஏது கண்? மூடிக்கிடக்கிற கண்ணை எடுத்து என்ன செய்யப்போகிறான்? கண்ணும் வாயும் சேர்ந்து வேலை செய்வது ஒரே ஒரு காரியத்துக்குத்தான். இல்லை, அழுகைக்கும் உண்டு. அழுகிறவள் தங்கபுஷ்பம். அப்போது தங்கபுஷ்பத்தின் கண்ணையும் வாயையும் சொல்லியிருப்பான். சொல்லியிருப்பானா? ஆனால் கடைசியில் என்றானே. கடைசியில் இருப்பது தங்கபுஷ்பம் இல்லையே.

இது நடக்காத சங்கதியும் இல்லை. வாய்ப்பூட்டு வேலு என்று ஒரு ஆள், வேறொரு கூட்டத்தாரின் படங்களில் நடித்தவர். பேசவே மாட்டார், எல்லாம் தலையாட்டல்தான். என்ன அடி, என்ன வசவு, வாய் திறக்கமாட்டார். ஜனம் அவரையும் இப்படித்தான் தலையில் வைத்துக் கொண்டாடியது. ஒரு நாள் அவருக்குத் தெரியாமல், நாற்காலியில் உட்காரும்போது அடியில் எதையோ வைத்து, அவர் 'எங்கம்மா!' என்று அலறியதை எடுத்துப் போட்டுவிட்டார்கள். வேலு பேசிட்டார், வேலு பேசிட்டார் என்று அன்றைக்கு நாடே அதைத்தான் பார்த்தது. மாரிக்கனியும்தான் பார்த்தாள், திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தாள், அதை இப்போது நினைத்தால் கூச்சமாக இருக்கிறது. அடுத்த படத்தில் வேலு பேசாமல் தலையாட்டியபோது ஒருவருக்கும் சிரிப்பு வரவில்லை. பேசத் தெரிந்த ஆள் பேசாமல் இருக்கிறார், அவ்வளவுதானே. போன கோயில் கொடைக்குச் சங்கரன்கோவில் பக்கம் போயிருந்தபோது அவரைப் பார்த்தாள். ராட்டினத்துக்குப் பக்கத்தில் நின்று 'வாங்க வாங்க, ஏறுங்க ஏறுங்க' என்று தொண்டை கிழியக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. குரல் நல்ல குரல். பூபாலனும் அன்றைக்குக் கூட வந்திருந்தான். 'பாவம்க்கா' என்றான். கொஞ்ச தூரம் நடந்தபிறகு, 'ஆனா அந்த ஒரு வீடியோ இருக்கே, அத அடிச்சிக்க முடியாதுக்கா' என்றான். அன்றைக்கு அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இன்றைக்குப் பெட்டிக்குள் படுத்துக்கொண்டு எடுத்துக்கொள்கிறாள். கல்லக்கா சிரித்துவிட்டாள். அந்த ஒரு வார்த்தையை மேலே எழுதிப் போட்டால் போதாதா? பார்க்காதவன் யார்? அதற்குப் பிறகு அவள் யார்? சிரிக்கிற பொம்பளைகள் போனைத் திறந்தால் கொட்டிக் கிடக்கிறார்கள், மூக்கும் முழியுமாக. நடுவயசை எட்டிப்பார்க்கிற ஒருத்தி சிரிப்பதை எவன் உட்கார்ந்து பார்ப்பான்? மறுபடி சேலைக்கடை மாடி. அங்கேயும் 'சிரிங்கக்கா, போன்ல சிரிச்சியளே' என்பார்கள்.

"ரெடியாக்கா? இன்னொருக்க போவம்." தேங்காய்மூடியை எடுத்தார்கள். குடத்துக்குள் போனது உலகம். அப்படியானால் சிரிக்காமல் எழுந்துவிட்டால்? எழுந்து, நாடிக்கட்டை அவிழ்த்து, 'எனக்குச் சம்பிரதாயத்துல நம்பிக்க இல்ல தம்பி' என்று சொல்லிவிட்டால்? அதை நினைத்ததும் முதுகுத்தண்டில் தகரத்தின் குளிர் ஏறியது. பெட்டியின் பிளக்கைச் செருகவே இல்லை, மின்சாரம் கிடையாது, காலையில் தானே வயரைத் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் படுத்தாள். பின்னே இந்தக் குளிர் எங்கிருந்து வருகிறது? இது நாடகப் பெட்டி இல்லை. ஊரில் கேட்கிற வீட்டுக்கெல்லாம் போய்வருகிற பெட்டி. நேற்று இதில் யார் படுத்திருந்தார்களோ. கேட்கவேண்டாம் என்று கேட்கவில்லை. நெற்றியில் ஒட்டிய நாணயம் வேர்வையில் வழுக்கியது. தங்கபுஷ்பம் சீரியலில் இருந்த காலத்தில் ஒரு பையன் பிணமாக நடித்துவிட்டு, அவசர வேலை என்று சிரிக்காமல் எழுந்து பைக்கை எடுத்துக்கொண்டு போனானாம். அப்புறம் என்ன ஆயிற்று என்று தங்கபுஷ்பம் சொல்லவில்லை. 'வேண்டாம், வாயால சொல்லக்கூடாது' என்று நிறுத்திவிட்டாள். சொல்லியிருந்தால்கூட இவ்வளவு பயம் இருந்திருக்காது. அம்மா போனில் கறாராகச் சொல்லிவிட்டாள்: 'சிரிச்சிட்டுத்தான் வீட்டு வாசப்படி மிதிக்கணும். நீ ஒருத்தி இல்ல பாத்துக்கோ, உன் மடியில ஒண்ணு கெடக்கு.' மடியில் கிடப்பது இசக்கி. இப்போதுதான் வார்த்தைகளைக் கோத்துப் பேசக் கற்றுக்கொண்டிருக்கிறது. அதன் தலையில் எதையும் வைத்துப் பார்க்க மாரிக்கனிக்குத் தெம்பு கிடையாது. நம்பிக்கை இருக்கிறதா இல்லையா என்பதெல்லாம் பிள்ளை இல்லாதவர்கள் உட்கார்ந்து பேசுகிற பேச்சு. ஆகக்கூடி சிரிக்காமலும் எழுந்திருக்க முடியாது, சிரித்தாலும் போச்சு. இதையும் பூபாலன் யோசித்திருப்பான். இவள் பிள்ளைக்காரி, சம்பிரதாயத்தைத் தாண்டமாட்டாள் என்று தெரிந்துதான் வலையை இந்தப் பக்கம் விரித்திருக்கிறான். அட, இன்னொன்று. இவள் புருஷன் சுடலைமணியிடம் சாயங்காலம் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வரச் சொன்னது யார்? பூபாலன்தான். 'பாப்பாவப் பாத்து நாளாச்சுண்ணே' என்றானாம். எந்தப் பாப்பாவையும் எட்டிக்கூடப் பார்க்காத பயல். இசக்கி முகத்தைப் பார்த்தால் அம்மாவுக்குச் சிரிப்பு தாங்காது என்று இவனுக்கு யார் சொன்னது? வீட்டுக் கதவுக்குள் நடக்கிற சங்கதி. சுடலைமணி சொன்னாரா? எலுமிச்சை மண்டியிலிருந்து வந்ததும் போனை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய்ப் போய்ப் பேசினாரே இந்த வாரமெல்லாம், அது எலுமிச்சைப் பேச்சுத்தானா? சே. கட்டின மனுஷன். சட்டையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு வெளியே போகிற மனுஷனுக்கு வலை விரிக்கவா தெரியும். ஆனால் வெகுளியிடமிருந்துதானே விஷயத்தைக் கறப்பார்கள். தங்கபுஷ்பம்? முதல் தடவை வேண்டுமென்றே சிரித்து, தன்னையும் கிளப்பிவிடப் பார்த்தாளோ? 'இவ மூஞ்சியப் பாத்தா எனக்கு வருது' என்று சொன்னது யாருக்குக் கேட்பதற்காக? இந்தச் செவந்தி மாலை, மூக்கு அரிக்கிற மாதிரி நாடிக்குக் கீழே கொண்டுவந்து வைத்தது யார்? எல்லாமே ஓடுகிறது என்று வைத்துக்கொள். கடையில் நின்றமாதிரி நில். சேலையை விரி. பார்டரோடு பார்டர். முந்தியைத் தேடினாள், கிடைக்கவில்லை. விரித்த சேலைக்கு இரண்டு பக்கமும் உடம்பாகவே இருந்தது. இப்படி ஒரு நாளும் ஆனதில்லை.

"கட்! சூப்பர்! முடிஞ்சிது!" கைதட்டினார்கள். மூடியைத் தூக்கினார்கள். மாரிக்கனி கண்ணைத் திறக்காமல் காதைத் தீட்டிக்கொண்டு கிடந்தாள். முடிந்தது என்றதும் எந்தப் படப்பிடிப்பிலும் முதலில் கேட்பது செருப்புச் சத்தம்தான். டீக்கும் பீடிக்கும் அவனவன் கிளம்பிவிடுவான். இன்றைக்கு ஒரு செருப்பும் நகரவில்லை. எல்லோரும் சுற்றி நிற்கிறார்கள். யாரோ மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பது இவளுக்குத் தெரிகிறது. ஒரு கை வந்து நாடிக்கட்டை அவிழ்த்தது, பூப்போல. "யக்கா, சிரிங்க." "கேமராவ அமத்தியாச்சா?" என்றாள், உதடு அசையாமல். "அமத்திட்டா அது எப்படிக்கா கேமராவாவும்? தூங்குதவன்ட்டப் போயி வாரேன்னு சொல்லிட்டுக் கெளம்புன மாதிரில்லா இருக்கும்." பதிலைத் தயார் பண்ணி வைத்திருந்தவன் மாதிரி வந்தது. "ஏளா, என்ன பேச்சு பேசிட்டுக் கெடக்க" என்றாள் தங்கபுஷ்பம். "வெளாட்டுக் காரியம் இல்ல. சிரிச்சிட்டு எந்திரி, பச்சப்பிள்ளக்காரி." "சிரிச்சத பெறவு அழிச்சிருவியா தம்பி?" "அழிச்சிருதேன்க்கா. எங்கம்மா மேல சத்தியமா." பூபாலன் அம்மா மேல் அவன் பண்ணின பொய்ச் சத்தியங்களுக்குப் பிறகும் அந்தம்மா இன்றைக்கு வீட்டில் குத்துக்கல்லாட்டம் இருப்பதே சத்தியத்துக்கு ஒரு பலமும் இல்லை என்பதற்குச் சாட்சி. அப்போது வெளியே பைக் வந்து நிற்கிற சத்தம். சுடலைமணியின் இருமல். அதற்கு மேலே, கீச்சென்று, "அம்மா எங்க? அம்மா எங்க?" மாரிக்கனி கண்ணைத் திறந்தாள். நேர் எதிரே பெரிய கேமராவின் வாய், தலைமாட்டில் சின்னதின் செம்பொட்டு, அவற்றுக்குப் பின்னால் பூபாலன் முகம். இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்று படிக்க முடியாத முகம். அதற்குள் வாசலைப் பார்த்து அவன் கண் ஓடிவிட்டது. "பாப்பாவ உள்ள கூட்டிட்டு வாங்கண்ணே!" மூக்கில் பஞ்சும், கழுத்தில் மாலையும், காலில் கட்டுமாகத் தாயைப் பெட்டிக்குள் பார்க்கப்போகிறது பிள்ளை. நாளைக்கு அது தூக்கத்தில் அலறினால் யார் போய் நிற்பது, இவனா? அவ்வளவுதான். யோசனை எல்லாம் அற்றுப்போய்க் கை முந்திக்கொண்டது. மூடியின் விளிம்பை எட்டிப் பிடித்துத் தானே இழுத்துச் சாத்திக்கொண்டாள். சத்தமாவது வெளியே போகாது. சத்தமில்லாத சிரிப்பை வைத்துக்கொண்டு என்ன கிழிப்பான், பார்ப்போம். கண்ணாடி வழியாகக் கேமராவை நேருக்கு நேர் பார்த்தாள். சாமி, இந்தா பாரு, நான் சாகல. சிரித்தாள். முதலில் ஒன்றும் வரவில்லை, கதவிடுக்கில் எலி கத்தின மாதிரி ஒரு சத்தம்தான். பிறகு விலாவில் மறித்து வைத்தது எல்லாம் ஒன்றன்மேல் ஒன்று விழுந்தடித்துக்கொண்டு வந்தது. பீரோவோடு மல்லுக்கட்டின திருடனுக்கு வேட்டி அவிழ்ந்தது, ஓடிப்போன புருஷனாக நடித்தவர் செருப்பை மறந்து திரும்பி வந்தது, கீரையை மடியில் போடப்போய்த் தங்கபுஷ்பம் பிணத்திடம் 'முத்தல எடுத்துரு' என்று கெஞ்சினது, காதுக்குள் ஜோக் சொன்னவன் ஜோக்கின் கடைசியை மறந்து முழித்தது, ரேஷன் கடைக் குரங்கு, எல்லாம். அன்றன்றைக்கு மடித்து வைத்தது அத்தனையும் இன்றைக்கு அவிழ்ந்து விழுந்தது. வயிறு குலுங்கிப் பெட்டி ஆடியது. கண்ணில் நீர் கொட்டியது. இவ்வளவு நேரம் மூக்கால் திருடித் திருடி விட்ட மூச்சு வாயால் பொங்கிக்கொண்டு போய்க் கண்ணாடியில் மோதியது.

அப்போதுதான் பார்த்தாள், எதிரே கேமரா இல்லை. பூபாலன் இல்லை. ஒன்றும் இல்லை. இட்லிக் கொப்பரை மூடியாட்டம் கண்ணாடி முழுக்க வெள்ளையாகப் பூத்துப் போயிருந்தது. அந்த வெள்ளைக்கு அந்தப் பக்கத்திலிருந்து பூபாலன் தொண்டை கிழியக் கத்தினான்: "லேய், தொடச்சு விடுல! கண்ணாடியத் தொடச்சு விடுல! சீக்கிரம்ல!" மாரிக்கனிக்குச் சிரிப்பு நடுவிலேயே சுள்ளென்றது. சாமிக்குக் காட்டுகிற சிரிப்புக்கு எதற்கடா துணி? ஜெரால்டுதான் போல, தோள் துண்டை வைத்து வெளிப்பக்கத்தை அரக்கு அரக்கென்று தேய்த்தான். தேய்க்கத் தேய்க்க வெள்ளை அப்படியே இருந்தது. "போவலண்ணே!" "வெளியத் தொடச்சா எப்படில போவும், உள்பக்கம்லா படிஞ்சிருக்கு! மூடியத் தொற!" "கைய வச்ச, ஒடிச்சிருவேன்" என்றது தங்கபுஷ்பத்தின் குரல், பெட்டிக்கு மேலேயே ஏறிக் குந்தினவள் மாதிரி, அவ்வளவு பக்கத்தில். "அவ சிரிச்சி முடிக்கட்டும். பாதியில தொறக்கப்புடாது. சுடலே, பிள்ளயத் தூக்கிட்டு வெளிய போயிரும். எந்த மடப்பய உள்ள கூட்டிட்டு வரச் சொன்னான்?" தங்கபுஷ்பத்தைப் போய்ச் சந்தேகப்பட்டோமே என்று ஒரு நினைப்பு, வெளிப்பக்கத்தில் இன்னும் அரக்கிக்கொண்டிருக்கிற துண்டின் நிழல், வாசலில் "அம்மா எங்க?" என்று தேய்ந்துபோகிற குரல். கல்லக்காவுக்கு இப்போது வந்ததுதான் நிஜமான சிரிப்பு. யாருக்கும் தாக்கல் சொல்லாத சிரிப்பு. மாலைப்பூவை அள்ளி வாயில் அமுக்கிக்கொண்டு, விக்கி விக்கி, போதும் போதும் என்கிறவரைக்கும் சிரித்தாள்.

கண்ணாடி மேலிருந்து கீழாக மெல்ல வெளுப்பு விட்டது. முதலில் நெற்றி நாணயம் தெரிந்திருக்கும், பிறகு கண், பிறகு வாய். அதற்குள் எல்லாம் இருக்கவேண்டிய இடத்தில் இருந்தது. தங்கபுஷ்பம் மூடியைத் தூக்கினாள். மாரிக்கனி எழுந்து உட்கார்ந்து, குனிந்து, கால்கட்டை அவிழ்த்தாள். மூக்கிலிருந்து பஞ்சை எடுத்தாள். ஜெரால்டு துண்டை என்ன செய்வது என்று தெரியாமல் பிழிந்துகொண்டிருந்தான். பூபாலன் கேமராவின் சின்னத் திரையில் எதையோ முன்னே ஓட்டிப் பின்னே ஓட்டிப் பார்த்துவிட்டு, பந்தி முடிந்தபிறகு வந்தவன் முகத்தோடு நிமிர்ந்தான். "யக்கா, படத்துல வெறும் கண்ணாடிதான் விழுந்திருக்கு. ஒண்ணுமே தெரியல. சம்பிரதாயம் பாருங்க, அதுக்காவச் சொல்லுதேன். இன்னொரே ஒருக்க..."

மாரிக்கனி மாலையைக் கழற்றி அவன் கையில் கொடுத்தாள்.

"ஒரு சாவுக்கு ஒரு சிரிப்புதான் தம்பி" என்றாள். "டீ வந்திருச்சா?"